பலகைமேல் உருளும் பந்து

டிவி மாட்டுகிறவர்களில் பாதிப்பேர் அதை உயரத்தில் மாட்டிவிடுகிறார்கள். பார்க்கிறவர்களுக்குக் கழுத்து வலிதான் மிச்சம். நான் அப்படி மாட்டுவதில்லை. இப்போது நீங்கள் உட்கார்ந்திருக்கிற சோபாவிலிருந்து பாருங்கள் மேடம், உங்கள் கண் நேராகத் திரையின் நடுவில்தானே விழுகிறது? இருபது வருடமாக வீடு வீடாகப் போய் டிவியும் கேம் பெட்டியும் மாட்டிக்கொடுப்பதுதான் என் வேலை. கடையில் எனக்கு 'ஒயர் அக்கா' என்று பெயர். நான் மாட்டிய சுவரில் ஒரு ஒயர் வெளியே தெரியாது.

தம்பி முடி வெட்டிக்கொள்ளப் போயிருக்கிறான். திரும்ப முக்கால் மணி நேரமாவது ஆகும், அந்தக் கடைக்காரருக்குக் கத்திரியைவிட வாய்தான் அதிகம் ஓடும். நீங்கள் அந்த நோட்டைக் கீழே வைத்துவிட்டு டீயைக் குடியுங்கள். இரண்டு வாரம் வரை குறைந்துகொண்டே வந்த நொடிக் கணக்கு மூன்றாம் வாரத்திலிருந்து ஏன் ஏறுகிறது என்றுதானே கேட்டீர்கள்? நியாயமான கேள்வி. சொல்கிறேன்.

அம்மா போனபோது அவனுக்கு ஒன்பது வயது, எனக்குப் பத்தொன்பது. அப்பா அதற்கு முன்பே எங்களைக் கைகழுவிவிட்டார். நான் படிப்பை நிறுத்திவிட்டு வேலைக்குப் போனேன். கல்யாணப் பேச்சு இரண்டு முறை வந்தது, தம்பி என்னோடுதான் இருப்பான் என்று சொன்னதும் இரண்டு முறையும் பேச்சு அப்படியே நின்றது. அதற்காக நான் வருத்தப்பட்டதில்லை. அந்த நாளில் யாரோ வேண்டாமென்று கொடுத்த பழைய கேம் பெட்டி ஒன்று வீட்டுக்கு வந்தது. இரண்டு கன்ட்ரோலர், அதில் ஒன்றின் ஒயர் அறுந்திருந்தது. அதை அவனிடம் கொடுத்தேன். நல்லதை நான் வைத்துக்கொண்டு விளையாடுவேன், அவன் செத்த கன்ட்ரோலரை அமுக்கிக்கொண்டே, "அக்கா, இப்ப குதிச்சது நான்தான், பாத்தியா" என்பான். ஆறு மாதம் சந்தோஷமாக ஓடியது. உண்மை தெரிந்த அன்று ஒருநாள் முழுக்கச் சாப்பிடவில்லை. இப்போது அதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்போம்.

அப்படி வளர்த்தவன் துறைமுகத்தில் கிரேன் ஓட்டப் போனான். இங்கிருந்து பஸ்ஸில் ஏழு மணி நேரம். கப்பலிலிருந்து பெரிய பெரிய இரும்புப் பெட்டிகளை இறக்கும் கிரேன். நாற்பது மீட்டர் உயரத்தில் ஒரு கண்ணாடிக் கூண்டு, ஏணியில் ஏறித்தான் போக வேண்டும். ஒவ்வொரு கைக்கும் ஒரு லீவர், லீவர் தலையில் பெருவிரலுக்கு ஒரு பொத்தான். அவன் இறக்கினால் பெட்டி தரையில் உட்காரும் சத்தம்கூடக் கேட்காது என்பார்கள். எட்டு வருடம் அங்கே இருந்தான். வருடத்துக்கு மூன்று தடவை இங்கே வருவான், பையைக் கழற்றுவதற்குள் திரும்பும் டிக்கெட்டைப் பற்றிப் பேசுவான்.

பிறகுதான் அந்தக் காற்று அடித்தது. கூண்டின் இரும்புக் கதவு அவன் இடது மணிக்கட்டில் அறைந்து நரம்பு நசுங்கிவிட்டது. பெருவிரல் தொங்கிப்போனது. கம்பெனி ஆறு மாதம் லீவு கொடுத்தது, அதற்குள் டெஸ்ட்டில் தேறினால் மறுபடி கூண்டு, இல்லாவிட்டால் வேலை போய்விடும். அவன் என் வீட்டுக்கு வந்தான். எட்டு வருடத்துக்குப் பிறகு சாப்பாட்டு மேசையில் தினமும் இரண்டு தட்டு வைத்தேன்.

ஆஸ்பத்திரியில் அவனுக்குக் கைப் பயிற்சி கொடுத்தபோது, வீட்டில் வீடியோ கேம் விளையாடட்டும் என்று சொன்னது நீங்கள்தான். அருமையான யோசனை. உங்கள்மேல் எந்தத் தப்பும் இல்லை, அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பலகைமேல் பந்து உருட்டும் அந்த விளையாட்டையும் நீங்களே தேர்ந்தெடுத்தீர்கள். குறுகலான பலகை, கீழே தண்ணீர், கன்ட்ரோலரில் இருக்கிற சின்னக் குச்சியை இடது பெருவிரலால் தள்ளிப் பந்தை மறுமுனைக்குக் கொண்டுபோக வேண்டும். தினம் பத்து ஆட்டம், ஒவ்வொன்றுக்கும் எத்தனை நொடி என்று நோட்டில் எழுத வேண்டும். அதைச் சொல்லிவிட்டு நீங்கள் பிரசவ லீவில் போனீர்கள். குழந்தை நன்றாக இருக்கிறதா? நல்லது.

முதல் இரண்டு வாரம் எல்லாம் ஒழுங்காகத்தான் நடந்தது. தொண்ணூறு நொடியில் முடித்தவன் அறுபத்தொன்றுக்கு வந்தான். மூன்றாம் வாரம் திங்கட்கிழமை டிவி தானாகத் தன் சாஃப்ட்வேரைப் புதுப்பித்துக்கொண்டது. எங்கள் தொழிலில் இருக்கிறவர்களுக்குத் தெரியும், அப்படி நடந்தால் நாம் பார்த்துப் பார்த்து வைத்ததெல்லாம் பழையபடி ஆகிவிடும். 'கேம் மோடு' போய் 'சினிமா மோடு' வந்துவிட்டது. சினிமா மோடில் டிவி படத்துக்கு மெருகு போடும். மெருகு போட ஒரு கண நேரம் வேண்டும். படம் பார்க்கிறவர்களுக்கு அது தெரியவே தெரியாது. கேம் விளையாடுகிறவனுக்கு மட்டும், விரல் தள்ளிய பிறகு பந்து கொஞ்சம் தாமதித்து நகரும். பலகை குறுகல் என்பதால் அந்தக் கொஞ்சம் போதும்.

அன்று அவன் ஏழு தடவை தண்ணீரில் விழுந்தான். நான் அடுக்களை வாசலில் நின்று ஒரே பார்வையில் கண்டுபிடித்துவிட்டேன். வாயைத் திறக்கப் போனேன். அப்போது அவன் போன் அடித்தது. துறைமுகத்தில் கிரேனுக்குக் கீழே வாக்கி டாக்கியோடு நின்று அவனுக்கு வழி சொல்லும் பெண். 'சிக்னல்' என்றுதான் அவளைக் கூப்பிடுவான். "இன்னிக்கு ஒரு நாள்தான் சொதப்புது. கை வந்துடுச்சு சிக்னல். அடுத்த மாசம் வந்துடுவேன், குவார்ட்டர்ஸ் சாவியை வாங்கி வை" என்றான். எனக்குத் தெரியாமல் இரண்டு பேரும் வீடு வரைக்கும் பார்த்திருந்தார்கள். நான் திரும்பிப் போய்ப் பாத்திரம் துலக்கினேன். சும்மா இருந்தது ஒரு குற்றமா என்ன?

அந்த மெருகில் நான்கு படி உண்டு. வாரத்துக்கு ஒரு படி கூட்டினேன். ஒரேயடியாகக் கூட்டினால் டிவி கெட்டுவிட்டது என்று அவனுக்கே தோன்றும். உப்பைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்டினால் நாக்கு கண்டுபிடிக்காது. அறுபத்தொன்று எழுபத்தைந்து ஆனது, பிறகு தொண்ணூற்றெட்டு ஆனது. நோட்டில் அவன் கையெழுத்துக்கூடச் சின்னதாகிக்கொண்டே போவதைப் பாருங்கள்.

அவனுக்குச் சந்தேகம் வராமல் இல்லை. "அக்கா, டிவி லேட்டா காட்டுதோ?" என்று ஒருநாள் கேட்டான். அந்தக் கேள்வி என்றாவது வரும் என்று எனக்குத் தெரியும். அதனால் பத்து நாளாக, அவன் மத்தியானம் தூங்கும் நேரத்தில் வீட்டுக்கு வந்து, தாமதத்தோடேயே விளையாடிப் பழகியிருந்தேன். பந்து எங்கே போகப் போகிறது என்று முன்கூட்டியே தள்ள வேண்டும், அவ்வளவுதான். கன்ட்ரோலரை வாங்கி ஐம்பத்தைந்து நொடியில் முடித்துக் காட்டினேன். "டிவி நல்லாத்தானே இருக்கு" என்றேன். அவன் தன் பெருவிரலையே பார்த்துக்கொண்டிருந்தான். அன்றைக்கு எனக்கு நெஞ்சு வலித்தது, பொய் சொல்ல மாட்டேன்.

கை உண்மையில் தேறிக்கொண்டிருந்ததா என்று கேட்கிறீர்கள். தேறிக்கொண்டிருந்தது. ஐந்தாம் வாரம் ஏதோ பேசிக்கொண்டே ஜாம் பாட்டில் மூடியை இடது கையால் திறந்தான். அவன் அதைக் கவனிக்கவில்லை, நான் கவனித்தேன். அன்றிலிருந்து பாட்டில்களையெல்லாம் நானே திறந்து வைத்துவிடுவேன். சட்டைப் பொத்தானையும் நானே போட்டுவிடுவேன். "எதுக்கு அக்கா" என்பான். "உன்னைத் தூக்கி வளத்தவ, இது ஒரு வேலையா" என்பேன். ஒன்பது வயதுப் பையனைப் போலக் கழுத்தை நீட்டிக்கொண்டு நிற்பான். அந்த மாதங்கள்தான் இந்த வீட்டில் நல்ல மாதங்கள்.

சிக்னல் ஒரு ஞாயிற்றுக்கிழமை வந்தாள். நல்ல பெண்தான், அவளைப்பற்றிக் குறை சொல்ல எனக்கு ஒன்றுமில்லை. அவனோடு உட்கார்ந்து ஒரு ஆட்டம் ஆடினாள். இரண்டாவது தடவை விழுந்ததும் கன்ட்ரோலரைக் கீழே வைத்துவிட்டாள். "இந்த டிவி லேட்டுப்பா. நான் தள்ளினதுக்கப்புறம்தான் பந்து நகருது. உன் கை நல்லாத்தான் இருக்கு" என்றாள். நாள் முழுக்கச் சரியான கணத்தில் 'நிறுத்து' என்று சொல்வதே தொழிலாக இருப்பவள், அவளுக்குத் தெரியாமல் போகுமா? நான் கையைத் துடைத்துக்கொண்டு வந்து, அவள் வைத்த அதே கன்ட்ரோலரை எடுத்து, ஒரே ஓட்டத்தில் முடித்துக் காட்டினேன். ஒரு வார்த்தை பேசவில்லை.

தம்பி அவளைத் திரும்பிப் பார்த்தான். "பாவம் பார்த்து வேணும்னே விழுந்தியா?" என்று கேட்டான். அவள் இல்லை இல்லை என்று எவ்வளவோ சொன்னாள். "அக்காவாவது உள்ளதைக் காட்டுறா. உன் பரிதாபம் எனக்கு வேண்டாம், கிளம்பு" என்றான். அவள் வாசலில் செருப்பைப் போட்டுக்கொண்டே என்னை நிமிர்ந்து பார்த்தாள். அவளுக்கு எல்லாம் புரிந்துவிட்டது என்று நினைக்கிறேன். பஸ்ஸில் சாப்பிடட்டும் என்று இரண்டு ரொட்டி கட்டிக் கொடுத்தேன். வாங்கிக்கொள்ளவில்லை.

இனி ஆபரேஷன். நான்காம் மாதம் பெரிய டாக்டரிடம் போனோம். அவரும் அவசரக்காரர் இல்லை. "மெஷின் டெஸ்ட்ல ரெண்டு விதமாவும் சொல்லலாம். வீட்டுல எப்படி?" என்றார். தம்பி நோட்டை நீட்டினான். அவர் பக்கம் பக்கமாகப் புரட்டினார். "மோசமாயிட்டே போகுதே. இப்படியே விட்டா தசை வீணாப் போயிடும். மோதிர விரல் தசைநாரை எடுத்துப் பெருவிரல்ல கட்டிடலாம்" என்றார். பிறகு என்னைப் பார்த்து, "கணக்கெல்லாம் சரியா எழுதினாரா?" என்று கேட்டார். "ஒரு நொடி கூடக் குறையப் போட்டு எழுத மாட்டான் டாக்டர்" என்றேன். அது சத்தியமான வார்த்தை. ஆபரேஷனுக்குச் சம்மதம் என்று அவன் கையெழுத்துப் போட்டான். வலது கைதான், ஆனாலும் நான் பிடித்துக்கொண்டேன்.

ஆபரேஷன் முடிந்து வெளியே வந்த டாக்டர் முகமூடியைக்கூடக் கழற்றாமல் என்னிடம் சொன்னார், "திறந்து பார்த்தா தசை நல்லா உயிரோட இருந்துச்சும்மா. ஏன் கை வேலை செய்யலைன்னு எனக்கே புரியல." கட்டிய நார் உள்ளே ஒட்டிக்கொண்டது. பெருவிரல் இப்போது கதவுக் கொண்டி மாதிரி நீட்டிக்கொண்டு நிற்கிறது. மோதிர விரலுக்கும் பலம் போய்விட்டது. அதைத்தான் நீங்கள் போன வாரம் ஆஸ்பத்திரியில் பார்த்துவிட்டு முகம் வெளுத்துப்போனீர்கள்.

நான் கல்நெஞ்சுக்காரி இல்லை. ஆபரேஷனுக்குப் பிறகு அவன் சுவரைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தான். சாப்பிடவில்லை. அதைப் பார்த்துக்கொண்டு இருக்க எந்த அக்காவுக்கு மனசு வரும்? அதனால் டிவியைக் கேம் மோடுக்கு மாற்றினேன். இருக்கிற இரண்டு கன்ட்ரோலரில் கறுப்பிலிருந்து பேட்டரியைக் கழற்றிவிட்டு, அதில் எரிய வேண்டிய சின்ன விளக்கின்மேல், எரியாதது தெரியாதபடி டேப் ஒட்டினேன். கண்ணை உறுத்துகிறது என்று சொன்னேன். அதை அவன் கையில் கொடுத்தேன். வெள்ளைக் கன்ட்ரோலர் என்னிடம் இருக்கிறது. அவன் சோபாவில், நான் பின்னால் சாப்பாட்டு மேசையில். பெருவிரல் வளையாததால் உள்ளங்கை மேட்டால் குச்சியைத் தள்ளுகிறான். அந்தத் தோள் அசைவைப் பார்த்து மேசைக்கடியில் நான் தள்ளுகிறேன். முதல் நாள் எண்பதில் முடிக்கவைத்தேன், பிறகு கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்தேன். "புது வழி கண்டுபிடிச்சுட்டேன் அக்கா, விரலே வேண்டாம்" என்று குழந்தை மாதிரி திரும்பிப் பார்த்துச் சிரித்தான். நோட்டின் கடைசிப் பக்கத்தைப் பாருங்கள். நேற்று நாற்பத்தெட்டு நொடி.

கம்பெனிக்கு அவனே போன் பண்ணிவிட்டான். லீவு முடிய இன்னும் நாலு நாள் இருக்கிறதாம். நாளைக்கு பஸ் ஏறுகிறான், நாளை மறுநாள் டெஸ்ட். அதற்காகத்தான் முடி வெட்டிக்கொள்ளப் போயிருக்கிறான். நாற்பது மீட்டர் ஏணியில் அவனே ஏறிக் காட்ட வேண்டும், பிறகு ஆட்கள் கீழே நிற்க ஒரு பெட்டியை இறக்கிக் காட்ட வேண்டும். கீழே வாக்கி டாக்கியோடு நிற்கப் போவது சிக்னல்தான் என்று கேள்விப்பட்டேன்.

ஏன் எழுந்துவிட்டீர்கள்? உட்காருங்கள், டீ ஆறுகிறது. அவன் வந்ததும் நீங்கள் தாராளமாகச் சொல்லலாம், நான் தடுக்க மாட்டேன். நோட்டைக் காட்டுங்கள், டிவியைக் காட்டுங்கள். ஏற்கெனவே ஒருத்தி சொல்லிப் பார்த்தாள். அவன் என் முகத்தைப் பார்ப்பான். நான் ஒன்றும் பேச மாட்டேன்.

எது எப்படிப் போனாலும் அவன் இங்கேதான் வர வேண்டும், நடந்து வந்தாலும் சரி, கொண்டுவந்து போட்டாலும் சரி. அப்போது பார்த்துக்கொள்ள வீட்டில் ஒரு ஆள் வேண்டாமா? கடையில் ஒரு மாதம் லீவு சொல்லிவிட்டேன்.