கோர்டோவா தியேட்டரின் இரண்டு ஜன்னல்கள்

— ஆறாயிரம் டாலர். கண்ணாடி மேல இருக்கிற விரல் ரேகையும் அதுல சேர்த்தி.

— ஒரு டிக்கெட் ஜன்னலுக்கா? மிஸ்டர் ஹார்க்லெஸ், நான் தியேட்டரையே விலைக்குக் கேட்கலியே.

— கேட்டாலும் குடுக்க முடியாதுங்க மேடம். எழுபத்தொம்பதுல நானே அதை இடிச்சாச்சு. செங்கல் அத்தனையும் டெக்சாஸ்ல ஏதோ பல் டாக்டர் வீட்டுச் சுவரா நிக்குது. அது நின்ன இடத்துல இப்பக் கார் நிக்குது, மணிக்கு நாலு டாலர். மிச்சம் இந்தப் பித்தளைச் சட்டமும் கண்ணாடியும்தான்.

— இடிச்சவரே இவ்வளவு விலை சொல்றீங்களே!

— கறி வேணும்னா வெட்டினவன்கிட்டதான் கேக்கணும்.

— பாருங்க, நான் முழுசாச் சொல்லிடுறேன். என் பேரு மார்லீன் ஓபர்மான். நூலகத்துல சனிக்கிழமை ஒரு கண்காட்சி திறக்கிறோம். செயின்ட் லூயிஸ் இழந்த தியேட்டர்கள். நான்தான் முன்ன நின்னு நடத்துறேன். மத்ததுக்கெல்லாம் ஏதாவது ஒரு நாற்காலி, ஒரு விளக்கு, ஒரு தொப்பியாவது கிடைச்சுது. கோர்டோவாவுக்குத்தான் தொட்டுப் பார்க்க ஒரு பொருள்கூட இல்ல. எங்கம்மா போன வருஷம் இறந்துட்டாங்க, அவங்க உயிரே அந்தத் தியேட்டர்தான். ரெண்டாயிரம் தர்றேன்.

— செத்தவங்க பேரைச் சொன்னா விலை இறங்கும்னு யாராவது சொல்லி அனுப்பினாங்களா?

— சே! என்ன மனுஷன் நீங்க?

— கோவிச்சுக்காதீங்க. நாப்பது வருஷமா இந்த யார்டுல பழைய கதவும் குளியல் தொட்டியும் விக்கிறேன். கேட்டுக்குங்க, எல்லாருமே ஒரு சாவைக் கையில பிடிச்சுக்கிட்டுத்தான் வர்றாங்க. சரி, ஐயாயிரம். ஆனா ஜோடியாத்தான் எடுத்துக்கணும்.

— ஜோடியா? இன்னொண்ணு இருக்கா?

— அந்தத் தார்ப்பாயைத் தூக்குங்க. அதேதான்.

— இது என்ன, கோழிக்கூண்டுக் கதவா?

— இதுவும் கோர்டோவா டிக்கெட் ஜன்னல்தான். பக்கத்துச் சந்துல இருந்தது. குப்பைத் தொட்டிக்கு மேல கையை நீட்டிக் காசு குடுக்கணும். அப்புறம் வெளியவே இரும்புப் படி, எழுபத்திரண்டு. ஏறினா மேல் பால்கனி. கறுப்பு ஆளுங்களுக்கு.

— தெரியும். அது ரொம்ப வருத்தமான விஷயம்தான். ஆனா பாருங்க, எங்க குழு பேசி முடிவு பண்ணிட்டாங்க. வர்றவங்க சந்தோஷமாப் பார்த்துட்டுப் போகணும். சரவிளக்கு, வெல்வெட் திரை, வாசல் நிறைய பல்பு...

— சந்து வேண்டாம்.

— வேண்டாம்னு சொல்லல சார். இடம் பத்தாது.

— அப்பவும் அதேதான் சொன்னாங்க மேடம். கீழ இடம் பத்தாதுன்னு.

— நீங்க அங்க போயிருக்கீங்களா?

— சின்ன வயசுல, அந்த எழுபத்திரண்டு படி வழியா. பின்னால சட்டம் மாறி முன்வாசலைத் திறந்துவிட்டாங்க. நான் போகல. நான் முதல் தடவை முன்வாசல் வழியா உள்ள போனது கையில சம்மட்டியோடதான்.

— அதனாலதான் இடிச்சீங்களா? பழி தீர்க்கவா?

— ஏலத்துல மலிவா வந்துச்சு, இடிச்சேன். கோவத்துல இடிச்சா செங்கல் உடையும், விலை போகாது. விலை போகாதுன்னா நான் எதையும் செய்யமாட்டேன். இந்த ரெண்டு ஜன்னலைத் தவிர. இதுங்க இங்க கிடக்குது முப்பத்தஞ்சு வருஷமா.

— மிஸ்டர் ஹார்க்லெஸ், நான் ஏன் இவ்வளவு கெஞ்சுறேன்னு இந்தப் போட்டோவைப் பார்த்தாப் புரியும். இதோ, இந்த ஜன்னலுக்கு முன்னாலதான் எடுத்தது, அம்பத்திரண்டுல. இதைப் பெரிசாக்கி அந்தக் கண்ணாடிக்குப் பின்னால வைக்கப்போறேன்... சார்? ஏன் மூக்குக்கண்ணாடியைக் கழட்டிட்டீங்க? உட்காருங்க. தண்ணி கொண்டு வரட்டுமா?

— வேண்டாம். மூக்குக்கண்ணாடியில தூசி. இது யாரு?

— அம்மா. வெரா. பக்கத்துல பித்தளைப் பொத்தான் வச்ச கோட்டோட நிக்கிறது எங்கப்பா. அங்க டார்ச் அடிச்சு ஆளை உட்கார வைக்கிற வேலை பார்த்தார்.

— நாலாயிரம்.

— என்னது?

— ஆயிரம் குறைச்சிருக்கேன். நான் கேக்குறதுக்கு நீங்க பதில் சொல்லுங்க. பதில் பிடிச்சா விலை இறங்கும்.

— இது என்ன வியாபாரம்? யாராவது இப்படி விப்பாங்களா?

— கடை என்னுது மேடம். வயசு எழுபத்தொண்ணு. எனக்குப் பிடிச்ச மாதிரி விக்கிறேன். இவங்க ரெண்டு பேரும் எப்படிப் பழகினாங்க?

— ஐயோ, அது எங்க வீட்டுல பெரிய கதை! ஒவ்வொரு தேங்க்ஸ்கிவிங் விருந்துலயும் அப்பா வான்கோழியை வெட்டிக்கிட்டே ஆரம்பிச்சுடுவார். ஒரு ஞாயித்துக்கிழமை, பகல் ஆட்டம். அம்மா டிக்கெட் வாங்கிட்டு உள்ள வர்றாங்க. வாசல்ல சீருடை போட்டுக்கிட்டு ஒரு கறுப்பு ஆளு. அவன் அம்மா கையைப் பிடிச்சு நிறுத்தி, 'இந்தப் பொண்ணு எங்க ஆளு, மேல போகணும்'ங்கிறான். நினைச்சுப் பாருங்க, எங்கம்மாவை!

— டூலி.

— யாரு?

— அந்த ஆளு பேரு டூலி. எங்க தெருதான். சில பேரு நிறம் வெள்ளைக்காரங்க கண்ணுக்குப் பிடிபடாது மேடம். எங்க கண்ணுக்குத் தப்பாது. அதனால எங்க ஆள்லயே ஒருத்தனைப் பிடிச்சு, வாரம் மூணு டாலர் கூலி குடுத்து முன்வாசல்ல நிறுத்தியிருந்தாங்க. மேல சொல்லுங்க.

— அப்படியெல்லாம் வேலை இருந்துச்சா! எனக்குத் தெரியாது. அப்பாவுக்குக் கோபம் தாங்கல. மேனேஜர் ஓடி வந்தார். அந்த ஆளு விடுற மாதிரி இல்ல. வெளியில சந்துல நின்ன ஒரு பரட்டைத் தலைப் பையனைக் காதைப் பிடிச்சு வாசப்படி வரைக்கும் இழுத்துட்டு வந்து, 'டேய், இது உன் அக்காதானே?'ன்னு கேட்டானாம். அந்தப் பொடியன் அம்மாவை மேலயும் கீழயும் பார்த்தானாம். 'இந்த வெள்ளைக்கார அம்மாவை நான் பார்த்ததே இல்லீங்க'ன்னானாம். எல்லாரும் சிரிச்சுட்டாங்க. மேனேஜர் அம்மாகிட்ட மன்னிப்புக் கேட்டார். அப்பா டார்ச் அடிச்சு, நல்ல இடமாப் பார்த்து உட்கார வச்சு, சோடா வாங்கிக் குடுத்தார். மூணே மாசத்துல கல்யாணம்!

— அவ்வளவுதானா கதை?

— முடிவுல அப்பா ஒண்ணு சொல்வார். 'அந்தச் சந்துப் பையன் மட்டும் உண்மை பேசலேன்னா, நீங்க யாரும் பிறந்திருக்கவே மாட்டீங்க.' உடனே எல்லாரும் அந்தப் பையனுக்காகக் கோப்பையைத் தூக்குவோம்.

— தூக்குவீங்களா?

— வருஷா வருஷம். அப்பா போனப்புறமும் என் தம்பி விடல.

— உங்கம்மாவும் தூக்குவாங்களா?

— அம்மாவா? நீங்க கேட்டப்புறம்தான் யோசிக்கிறேன். அவங்க அப்பச் சமையலறையில இருப்பாங்க. சரியா அந்த நேரம் பார்த்து அடுப்புல ஏதாவது கருகும்.

— ரெண்டாயிரம்.

— அப்பாடா, நான் கேட்ட விலைக்கே வந்துட்டீங்க! செக் எழுதிடுறேன்.

— பேனாவை மூடுங்க. இன்னும் கேட்டு முடிக்கல. உங்கம்மா எந்த ஹைஸ்கூல்?

— பார்த்தீங்களா, நம்ம ஊரு புத்தியை! யாரைப் பார்த்தாலும் முதல்ல அதான்.

— பேரைக் கேட்டா பேரு மட்டும்தான் வரும் மேடம். ஸ்கூலைக் கேட்டா தெரு, சர்ச்சு, நிறம், அப்பன் சம்பளம் எல்லாம் வரிசையா வந்து நிக்கும்.

— எங்கம்மாகிட்ட அது நடக்காது. அவங்க இந்த ஊரே இல்ல. தெற்க, ஆத்தங்கரையில ஏதோ ஒரு சின்ன ஊரு. வெள்ளத்துல குடும்பமே போயிருச்சு. அப்பா, அம்மா, ஒரு தம்பி. இவங்க ஒருத்தங்கதான் மிச்சம்.

— தம்பியுமா?

— ஒம்பது வயசு. கூரை மேல ஏறி நின்னு கையை நீட்டினானாம். இவங்களுக்கு எட்டலியாம்.

— எந்த வருஷத்து வெள்ளம்?

— கேட்டா அழுவாங்க. அதனால நாங்க கேக்குறதே இல்ல.

— மூவாயிரம்.

— ஏத்துறீங்களே!

— அந்தப் பதில் பிடிக்கல. ஒம்பது வயசுப் பையனை இவ்வளவு சுலபமாச் சாக விடக்கூடாது.

— என்ன சார் இது, நானா விட்டேன்? உங்களுக்கு உடம்பு சரியில்லேன்னா நான் நாளைக்கு வர்றேன்.

— நாளைக்கு வேண்டாம். இதை மட்டும் சொல்லுங்க. தியேட்டர்ல போய் உட்கார்ந்தா உங்கம்மா என்ன பண்ணுவாங்க?

— எப்படி... உங்களுக்கு யாராவது சொன்னாங்களா? அது எங்க வீட்டுக் கேலி. விளக்கு அணையறதுக்குள்ள ஒரு கையுறையைக் கழட்டுவாங்க. வெள்ளைக் கையுறை. பின்னால திரும்பி, தலையைத் தூக்கி, ரெண்டு தடவை ஆட்டுவாங்க. கடைசியில பால்கனியே இல்லாத தியேட்டர்லகூட ஆட்டினாங்க. 'உங்கம்மாவுக்குப் புழுக்கம்'னு அப்பா சொல்வார். எனக்கு மானமே போகும்.

— ஆட்டினப்புறம்?

— தொப்பியைத் தடவிப் பார்ப்பாங்க. மேலேர்ந்து ஏதோ விழுந்த மாதிரி.

— ஒண்ணும் விழாது.

— என்ன விழும்? மேல வெறும் கூரைதானே.

— ஆயிரத்தைந்நூறு. கடைசிக் காலத்துல கஷ்டப்பட்டாங்களா?

— இல்ல. தூக்கத்துலயே போயிட்டாங்க. ஆனா இந்த விளையாட்டு எனக்கு இனிமே பிடிக்கல, மிஸ்டர் ஹார்க்லெஸ். எங்கம்மாவைத் தெரிஞ்ச மாதிரி பேசுறீங்க.

— கடைசி ஒண்ணு. என்ன விட்டுட்டுப் போனாங்க?

— வீடு, கொஞ்சம் பத்திரம், முத்துமாலை. அப்புறம் சிரிப்பா ஒண்ணு. கைப்பையில உள் ஜிப்பைத் திறந்தா கைக்குட்டை, அதுக்குள்ள கைக்குட்டை, அதுக்குள்ள ஒரே ஒரு வேர்க்கடலை. தோலோட. கறுத்துக் கல்லா இருந்துச்சு. எத்தனை வருஷமா வச்சிருந்தாங்களோ.

— அது எங்க இப்ப?

— என் தங்கச்சி குப்பையில போட்டுட்டா.

— போட்டாச்சா.

— வேர்க்கடலைதானே சார்.

— ஆமா. வேர்க்கடலைதானே. ரெண்டு ஜன்னலையும் சும்மா எடுத்துக்கிட்டுப் போங்க.

— சும்மாவா? எனக்கு ஒண்ணும் புரியல. அழுவுறீங்களா?

— மரத்தூள் யார்டு மேடம், கண்ணு எரியும்.

— சும்மா வாங்கினா குழுவுக்கு என்ன கணக்குக் காட்டுறது? பேருக்கு ஏதாவது ஒரு தொகை போட்டு ரசீது குடுங்க.

— அப்பப் பதினஞ்சு சென்ட் போடுங்க.

— ஏன் பதினஞ்சு?

— ஞாயித்துக்கிழமைன்னா முன்வாசல் டிக்கெட் பதினஞ்சு சென்ட் கூட. வெர்னெட் அதை மறந்துட்டா, கையில குறைஞ்சுது. அவ தம்பிகிட்ட ஷூ துடைச்ச காசு இருந்துச்சு. சந்து டிக்கெட்டுக்குன்னு வச்சிருந்தது, சரியாப் பதினஞ்சு. 'படம் முடிஞ்சதும் தர்றேன், இங்கயே நில்லு'ன்னு வாங்கிட்டுப் போனா. மத்த வாரமெல்லாம் அவ கீழ உட்கார்ந்து கையுறையை ஆட்டுவா, யார்கிட்டயும் பிடிபடலேன்னு அர்த்தம். அவன் பால்கனியிலேர்ந்து தொப்பி மேல ஒரு கடலையைப் போடுவான், பார்த்துட்டேன்னு அர்த்தம். அன்னிக்கு மேல போக அவன்கிட்ட காசு இல்ல. அதான் டூலி கைக்குச் சந்துலயே சிக்கினான்.

— வெர்னெட்டா? அது யாரு? எங்கம்மா பேரு வெரா.

— கல்யாணத்துக்கப்புறம் வெராவா இருந்திருக்கும்.

— இல்ல. இருக்கவே இருக்காது. என்னைப் பாருங்க! என் முடியைப் பாருங்க!

— பார்த்துக்கிட்டுத்தான் இருக்கேன். டூலி இருந்திருந்தா உங்களையும் நிறுத்தியிருப்பான்.

— அப்ப நான்... என் பிள்ளைங்க... ஐயோ, சனிக்கிழமை அந்தப் போட்டோவை நான் எப்படி...

— வைங்க. எந்த ஜன்னலுக்குப் பின்னாலன்னு நீங்களே முடிவு பண்ணிக்குங்க. அதுக்குத்தான் ரெண்டையும் தர்றேன்.

— அந்தப் பையன் எவ்வளவு நேரம் நின்னான்?

— மூணு ஆட்டம். அவ முன்வாசல் வழியாப் போயிட்டா. கூட டார்ச்சுக்காரன்.

— பொய்! தம்பி வெள்ளத்துல போயிட்டான்னு அவங்க வாயாலயே சொன்னாங்க. எத்தனை தடவை சொல்லியிருக்காங்க தெரியுமா?

— அப்ப ரசீதை ஒழுங்கா எழுதிக்கலாம், உட்காருங்க. நான் அவளைத் தெரியாதுன்னு சொன்னது ஒரு தடவை. அவ என்னைத் தண்ணியில முக்கினது ஒரு தடவை. அது ரெண்டும் நேராப் போச்சு. கடலை குப்பைக்குப் போயிருச்சு, அது வராக் கடன். ஜன்னல் ரெண்டும் தாய்மாமன் குடுத்தது, விலை கிடையாது. பாக்கி, பதினஞ்சு சென்ட்.