காவல் கட்டு

பொழுது சாய்ந்து, முன்னால் நடக்கும் மாட்டின் கொம்பு மட்டும் மங்கலாகத் தெரிகிற நேரம். இரண்டு பக்கமும் அறுத்து முடிந்த வயல். நடுவில் ஒற்றை வண்டித்தடம். எதிரே இன்னொரு வண்டி வந்தால் ஒதுங்க இடமில்லை. வருவதற்கு யாருமில்லை என்பது வேறு விஷயம்.

அந்தத் தடத்தில் ஒரு வண்டி நின்றுவிட்டது. வண்டிக்காரர் நிறுத்தவில்லை. மாடுகள்தான் நின்றன.

கொஞ்சம் நெருங்கி உட்காருங்கள். அந்தக் கதவையும் சாத்திவிடுங்கள், காற்று வருகிறது. இது என் நண்பனின் குடும்பத்தில் நடந்தது. அவனுடைய பாட்டனாருக்குப் பாட்டனார்தான் அந்த வண்டிக்காரர். நீராவியில் ஓடும் இயந்திரங்கள் முதல்முதலாகக் களத்துக்கு வந்த காலம்.

ஊரில் அவரைச் 'சரிங்க' என்றுதான் கூப்பிடுவார்கள். முதலாளி என்ன சொன்னாலும் அவர் வாயிலிருந்து வருவது அந்த ஒரு சொல்தான். "சரிங்க வர்றாரு, வழி விடுங்கப்பா" என்று கேலி செய்வார்கள். அவர் அவர்களையும் பார்த்துத் தலையாட்டி, "சரிங்க" என்பார். சிரிப்பு அடங்க நேரமாகும்.

அவர் வேலை, அறுத்துக் கட்டிய கதிர்க்கட்டுகளை வயலிலிருந்து களத்துக்கு ஏற்றிப் போவது. வயலில் நிற்கும் கடைசிக் கட்டைத் தூக்குவதும் அவர்தான். அதில்தான் விஷயமே இருக்கிறது. அறுப்பு முடிந்த வயலில் சிந்திய கதிர், உடைந்த கதிர், அரிவாளுக்குத் தப்பிய கதிர் எல்லாம் ஏழைப் பெண்களுக்கு. இந்த உரிமையை யார் கொடுத்தது என்று யாருக்கும் தெரியாது, அப்படித்தான் இருந்தது. ஒரே ஒரு விதி. வயலில் ஒரு கட்டு நிற்கிறவரை யாரும் உள்ளே கால் வைக்கக் கூடாது. அந்தக் கட்டுக்குக் காவல் கட்டு என்று பெயர். அதைத் தூக்கி வண்டியில் போட்டுவிட்டால், வரப்பில் காத்திருக்கும் பெண்கள் மடியைக் கட்டிக்கொண்டு இறங்குவார்கள். தாள் குத்தாமலிருக்கக் கணுக்காலில் துணி சுற்றியிருப்பார்கள். குனிந்தால் பொழுது சாயும்வரை நிமிரமாட்டார்கள். ஒழுங்காகப் பொறுக்கினால் பாதிக் குளிர்காலத்துக்கு மாவு கிடைக்கும்.

வண்டிக்காரருக்கு ஒரு தங்கை, பக்கத்து வீட்டில். முன்பெல்லாம் அவள் புருஷனுக்குக் குளிர்காலம் முழுக்கக் கதிரடிக்கிற வேலை இருக்கும். இயந்திரம் வந்தது... அந்த வேலை போனது. அவன் நகரத்தில் ஏதாவது கிடைக்கும் என்று கிளம்பிப் போனான். போனவன் போனவன்தான். கையில் ஒரு பெண் குழந்தை, அப்போதுதான் வார்த்தை பழகிக்கொண்டிருந்தது. அந்த வருஷம் தாய்க்கும் மகளுக்கும் சாப்பாடு என்றால், வயலில் பொறுக்கப்போகிற கதிர்தான். வேறெதுவும் இல்லை.

முதலாளிக்கும் அந்த வருஷம் ஆசை கூடியிருந்தது. ஆட்டு மந்தை வாங்கியிருந்தார். அறுத்த வயலில் கிடப்பதெல்லாம் ஆட்டுக்கு ஆகும் என்று கணக்குப் போட்டார். வண்டிக்காரரைக் கூப்பிட்டார்.

"வேலி போட்டா செலவு. ஆள் நிறுத்தினா கூலி. நீ ஒண்ணு செய். வயலுக்கு ஒரு கட்டை நடுவுல விட்டுடு. அவங்களே உள்ள வரமாட்டாங்க."

"எத்தனை நாளைக்குங்க?"

"ஆடு மேய்ஞ்சு முடியட்டும்."

வண்டிக்காரர் குடியிருந்த வீடு முதலாளியுடையது. வேலை போனால் அன்று மாலையே பாத்திரங்கள் தெருவில் கிடக்கும். அப்படிக் கிடந்த வீடுகளை அவர் பார்த்திருந்தார்.

"சரிங்க."

வயலுக்கு ஒரு கட்டு நின்றது. வரப்பில் பெண்கள் வந்து உட்கார்ந்தார்கள். வண்டி போகும்போது தங்கை எழுந்து வந்தாள், இடுப்பில் குழந்தை.

"அண்ணே, ஒண்ணை மறந்துட்டே."

"வண்டி நிறைஞ்சுபோச்சு. நாளைக்கு எடுத்துடறேன்."

"அதுக்கென்ன, நாளைக்கே எடு. நாங்க எங்க ஓடப்போறோம்?" சிரித்தாள். "அண்ணன் வேலைல சுத்தம்னு இவங்ககிட்டப் பெருமையடிச்சிருக்கேன். மானத்தை வாங்கிடாதே."

மறுநாளும் அதே வார்த்தை. அதற்கு மறுநாளும். மற்றப் பெண்களுக்கு விஷயம் புரிந்துவிட்டது. திட்டிவிட்டு எழுந்து போனார்கள். தங்கைக்கு மட்டும் புரியவில்லை... அல்லது புரிந்துகொள்ள மனசில்லை. சொன்னது அண்ணன் அல்லவா. குழந்தையை அண்ணி கையில் கொடுத்துவிட்டு வந்து உட்கார்ந்தாள். மழை பிடித்தது. எழுந்திருக்கவில்லை. கட்டை எடுக்கிற நேரத்தில் தான் இல்லாவிட்டால் என்ன செய்வது என்று நினைத்திருப்பாள். ஆடுகள் வந்தன. அவள் கண்ணெதிரே மேய்ந்தன.

"ஒரு கட்டுதானே, தாண்டிப் போயிருக்கலாமே?" நீங்கள் கேட்க நினைப்பது இதுதானே? நானும் நண்பனிடம் இதைத்தான் கேட்டேன். அவன் சொன்னான்: "கட்டு நிக்கிறப்ப உள்ள போனா அதுக்குப் பேரு திருட்டு. அவ திருடி இல்லையே."

தங்கைக்கு இருமல் வந்தது. நெஞ்சில் இறங்கியது. குளிர்காலம் பாதி தாண்டுவதற்குள் போய்விட்டாள். கடைசி நாளில் அண்ணன் கையைப் பிடித்துக்கொண்டு என்னவோ சொல்ல வந்தாள், இருமல் விடவில்லை. குழந்தை அண்ணன் வீட்டிலேயே தங்கிவிட்டது. மாமா, மாமா என்று அவர் காலையே சுற்றிக்கொண்டிருக்கும். அது சாப்பிட உட்காருகிறபோதெல்லாம் அவர் எழுந்து வெளியே போய்விடுவார்.

மறுவருஷ அறுப்பு. நல்ல வெயில், ஒரு மாதமாக ஒரு சொட்டு மழை இல்லை. முதலாளி மறுபடியும் சொன்னார், ஒரு கட்டை விட்டுவிடு. அவரும் சொன்னார், சரிங்க. வரப்பில் இந்த முறை யாரும் வந்து உட்காரவில்லை. யாருக்கும் நம்பிக்கை இல்லை.

கடைசி வண்டியை ஓட்டிக்கொண்டு அந்த ஒற்றைத் தடத்தில் திரும்பினார். அங்கேதான் மாடுகள் நின்றன.

சாட்டையால் தொட்டுப் பார்த்தார். அசையவில்லை. காதுகளை மட்டும் ஒரே பக்கமாகத் திருப்பி வைத்துக்கொண்டு நின்றன... வயலில் இறங்குகிற வழியைப் பார்த்து. காற்று இல்லை. முளைவிட்ட தானியத்தின் வாடை வந்தது. ஈரத்தில் கிடந்து, புளித்து, மூக்கைப் பிடிக்கிற வாடை. காய்ந்த வயலில் எங்கிருந்து வரும்?

பிறகு இருமல்.

அடக்கி அடக்கி இருமுகிற இருமல். பக்கத்தில் இருப்பவர்களுக்குத் தொந்தரவாகக் கூடாது என்று வாயில் துணியை வைத்துக்கொண்டு... அந்த இருமலை அவருக்குத் தெரியும். போன குளிர்காலத்தில், அவள் போகிறவரை, சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து கேட்டது.

அவர் திரும்பிப் பார்க்கவில்லை. கழுத்து திரும்ப மறுத்தது.

"அண்ணே." குரலில் கோபமே இல்லை. அதுதான் தாங்க முடியாமல் போனது என்று பின்னால் சொல்லியிருக்கிறார். "இன்னைக்கும் வண்டி நிறைஞ்சுபோச்சா? பரவாயில்லே. நாளைக்கு எடுத்துடறியா?"

வண்டிக்காரர் கீழே இறங்கினார். மாட்டின் முதுகைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றார். பிறகு வயலுக்குள் நடந்தார். இருமல் வந்த பக்கம் பார்க்காமல், மண்ணையே பார்த்துக்கொண்டு நடந்தார். நடுவில் அந்தக் கட்டு நின்றது. இரண்டு கையாலும் வாரித் தூக்கினார். ஒரு கட்டின் எடைதான், கூடக் குறைய இல்லை. நாளெல்லாம் அப்படி நூறு தூக்குகிறவர். அன்று அதை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, மூச்சு வாங்க வாங்க, வாய்விட்டு அழுதுகொண்டு வந்து வண்டியில் போட்டார்.

"எடுத்துட்டேம்மா," என்றார். "எடுத்துட்டேன். இறங்கு."

வண்டியில் ஏறி உட்கார்ந்தார்.

பிறகு முதுகுக்குப் பின்னால் தாள் முறிகிற சத்தம். சிட்... கணுக்காலில் சுற்றிய துணி தாளில் உரசுகிற சத்தம். ஒருத்தி குனிந்து நடக்கிற சத்தம்... இல்லை, ஒருத்தி இல்லை. அந்தப் பக்கத்திலிருந்தும். வயலின் கோடியிலிருந்தும். சிட்... சிட்... சிட்... வயல் முழுக்கப் பெண்கள் இறங்கிவிட்டது மாதிரி. ஒரு பேச்சு இல்லை. ஓர் இருமல் மட்டும் நகர்ந்துகொண்டே போனது.

மாடுகள் தாமாகவே கிளம்பின.

காலையில் முதலாளி வயலைப் போய்ப் பார்த்தார். ஒரு கதிர் இல்லை. புழுதி மாவு மாதிரி மெத்தென்று கிடந்தது, அதில் வண்டிக்காரர் காலடி மட்டும் போயிருந்தது, வந்திருந்தது. வேறு தடம் கிடையாது. முதலாளி நேரே களத்துக்கு வந்தார்.

"யாரைக் கேட்டு எடுத்தே?"

"யாரையும் கேக்கலைங்க."

"போகட்டும். பக்கத்து வயல்ல இருக்கிறதைத் தொடாதே. புரியுதா?"

களத்தில் இருந்தவர்கள் எல்லாரும் அவர் வாயைத்தான் பார்த்தார்கள். வரப்போகிற வார்த்தை எல்லாருக்கும் தெரியும். ஒருவன் சிரிப்பதற்குத் தயாராகக்கூட இருந்தான்.

"முடியாதுங்க," என்றார் வண்டிக்காரர். பிறகு நேராக நடந்துபோய், மீதியிருந்த கட்டுகளையும் ஒவ்வொன்றாகத் தூக்கி வந்து முதலாளி காலடியில் போட்டார். யாரும் சிரிக்கவில்லை.

மாலைக்குள் வீட்டைக் காலி செய்தார்கள். மனைவி ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை. "இதைப் போன வருஷம் செஞ்சிருக்கலாம்," என்று மட்டும் சொன்னாள். மூட்டையைக் கட்டினாள்.

மறுநாள் பகல் வெயிலில் நகரத்துச் சாலையில் நடந்தார்கள். முதுகில் மூட்டை, தோள்மேல் தங்கை மகள். குழந்தை உற்சாகமாக இருந்தது. சாலையின் இரண்டு பக்கமும் வேறு வேறு முதலாளிகளின் வயல்கள். அறுப்பு முடிந்து கிடந்தன. அந்த யோசனை அதற்குள் எல்லாருக்கும் பரவிவிட்டது போலிருக்கிறது... ஒவ்வொரு வயலின் நடுவிலும் ஒற்றையாக ஒரு கட்டு நின்றது. வரப்பில் ஒரு மனிதப் பிறவி இல்லை. காக்காய்கூட இல்லை.

குழந்தை ஒவ்வொரு வயலைத் தாண்டும்போதும் கையை ஆட்டிக்கொண்டே வந்தது.

"யாருக்குடி கை காட்டுறே?" என்றாள் அத்தை.

குழந்தை குனிந்து, வண்டிக்காரர் காதோடு வாயை வைத்துக் கேட்டது.

"மாமா... மழையே இல்லையே. இந்த அக்காங்க எல்லாம் ஏன் நனைஞ்சுபோய் உக்காந்திருக்காங்க?"