காரை பழுக்கிற மாசத்துக் கல்யாணம்

ரொம்பக் காலத்துக்கு முந்தி, மழை தவறின ஒரு வருசம், ஓடைக்கரடுங்கிற ஊருல நடந்துச்சாம் இது. கம்பும் இல்லை, கேப்பையும் இல்லை. ஊரை ஒட்டின கல்லுக்கரட்டுல, முள்ளுப் புதர்ல பழுக்குற காரைப் பழத்தைத் தின்னுதான் சனம் உசுரு பொழைச்சுக் கெடந்துச்சாம்.

அந்த வருசம்தான் குருவம்மா அங்க வாக்கப்பட்டு வந்தா. ஆத்தங்கரைக்காரி. நெல்லுக்குள்ள களையைத் தெரியும், முள்ளைத் தெரியாது. ஒருநா மடி நெறையப் பழம் பறிச்சாந்து, புருசனோட அண்ணன் பொண்டாட்டி மொக்கத்தாயி இருக்காளே, அவ மகளுக்குக் குடுத்தா. தின்ன கொஞ்ச நேரத்துல புள்ளைக்கு ஒரே வாந்தி. கண்ணு சொருகிருச்சாம். பறிச்சது காரையில்ல, அதே மாதிரி இருக்குற மருக்காரை; தின்னா வாந்திதான்.

புள்ள பொழைச்சுக்கிருச்சு. ஆனா மொக்கத்தாயி விடலை. மருக்காரைய யாருக்குத் தெரியாது, வேணும்னே குடுத்திருக்கான்னுட்டா. ஊரும் ஆமாம் போட்டுச்சாம். தின்ன புள்ளைக்கே தெரியலையேன்னு கேக்க ஒரு நாதி இல்லை பாருங்க! வெள்ளிக்கிழமை குருவம்மாவைப் பொறந்த வீட்டுக்கு அனுப்பிருறதுன்னு பேசி முடிச்சிட்டாக.

குருவம்மா அழுதா. அழுதுக்கிட்டே வீடு வீடாப் போயி, ரெண்டையும் எப்படிப் பிரிச்சுப் பாப்பீகன்னு கேட்டா. பாத்தாலே தெரியும்னாக. அதுக்கு மேல ஒருத்தருக்கும் சொல்லத் தெரியலையாம்.

சரின்னு கரட்டுக்கே போயிட்டா. ரெண்டுலயும் முள்ளு சோடி சோடியாத்தான் நிக்குது. பழமும் மஞ்சள்தான். மருக்காரை பெருசாக் காய்க்கும்பாக, மழையில்லாம அதுவும் சிறுத்துக் கெடந்துச்சு. அப்ப என்னதான் வித்தியாசம்? ஒரு புதர்ல ஒரு பழம் தின்னா, உக்காந்து பாத்தா. அடுத்த புதர்ல ஒண்ணு தின்னா. மூணாவது புதர் கொடலைப் பெரட்டிருச்சு. வாயைத் தொடச்சுக்கிட்டு, அதே புதர்ப் பழத்தைப் புட்டுப் பாத்தாளாம்! உள்ள கொய்யா மாதிரி விதை விதையா இருக்கு. தலையில மாதுளைக்கு நிக்கிற மாதிரி ஒரு காஞ்ச கிரீடம். ஒண்ணும் செய்யாத மொத ரெண்டு புதர்ப் பழத்தைப் புட்டா, உள்ள ரெண்டே கொட்டை.

வெள்ளிக்கிழமை ஊருக்கு முன்னால பழத்தைப் புட்டுப் புட்டுக் காமிச்சா. சனம் வாயைப் பொளந்துச்சாம். கடைசியா ஒரு காரைப் பழத்தை மொக்கத்தாயிகிட்ட நீட்டி, "அக்கா, இதை நீங்க தின்னாத்தான் நான் இங்க இருப்பேன்"னா.

மொக்கத்தாயி தன் மகளைப் பாத்தா, குருவம்மாவைப் பாத்தா. வாங்கித் தின்னா. "வாடி, வீட்டுக்குப் போவோம்"னு கையைப் பிடிச்சுக் கூட்டிப்போனாளாம்.

அதுலயிருந்து ஓடைக்கரட்டுக்கு வாக்கப்பட்டு வர்ற பொண்ணு நேரா வீடேற மாட்டா. மூத்த மருமக அவளைக் கரட்டுக்குக் கூட்டிப்போயி, ரெண்டு பழத்தையும் புட்டுக் காமிச்சு, காரையத் தானே மொதல்ல தின்னுட்டுத்தான் அவளுக்குக் குடுப்பா. எம்புட்டுப் பெரிய முகூர்த்தமா இருந்தாலும் சரி, கரட்டுல பழம் இல்லாத மாசத்துல அந்த ஊருல தாலி கட்டுறதில்லை.