கெராஜாஆனுக்குள் ஒரு ராஜா

ஜொகூர் பாருவில் ஓர் அரசாங்க அலுவலகத்தில் என் எண்ணுக்காகக் காத்திருந்தேன். முன்வரிசையில் அறுபதை நெருங்கும் ஓர் அம்மா, குடியுரிமைக்கான மலாய் நேர்காணலுக்கு வந்திருந்தார். பக்கத்தில் தொழிற்சாலைச் சீருடையில் அவருடைய மருமகள்.

"அரசாங்கத்துக்கு மலாய்ல கெராஜாஆன். அந்த வார்த்தைதான் வாயில நிக்க மாட்டேங்குது லா. போன தடவையும் அதுலதான் மாட்டிக்கிட்டேன்," என்றார் அம்மா.

"அதுக்குள்ள ஒரு ராஜா உட்கார்ந்திருக்காரு அத்தை. முன்னால 'கெ', பின்னால 'ஆன்', நடுவுல ராஜா."

"நம்ம ராஜாவா?"

"அதே ராஜாதான். சமஸ்கிருதத்துல இருந்து தமிழுக்கும் வந்துச்சு, மலாய்க்கும் வந்துச்சு. கெராஜாஆன்ங்கிறது முன்ன ராஜா ஆளுறதுக்குப் பேரு, இப்ப அரசாங்கத்துக்கே அதான் பேரு."

அம்மா சிரித்தார். "அப்ப பாதி வார்த்தை எனக்கு முன்னமே தெரியும்."

அவருடைய எண் வந்தது. சேலையைச் சரிசெய்துகொண்டு உள்ளே போனார். கதவு முழுதாக மூடவில்லை. எங்கே பிறந்தீர்கள் என்று அதிகாரி மலாயில் கேட்டார்.

"பாலோவில். இதே ஜொகூரில்தான். அப்போது யாரும் பிறப்பைப் பதியவில்லை," என்று அம்மா தயங்காமல் மலாயில் சொன்னது வெளியே எங்கள் எல்லோருக்கும் கேட்டது.