மாலை போட்ட கலாராணி

இரவு பதினொன்றே முக்கால். பன்விலயிலிருந்து கண்டிக்கு இறங்கும் வீதி... ஆள் நடமாட்டமே இல்லை. வேனில் ரிஸ்மி தனியாக. நம்ம அரூஸின் மச்சான்தான், அலவத்துகொடக்காரன். நாடகக் கம்பனி ஒன்றுக்கு வேன் ஓட்டினான். சிரிக்காதீர்கள். லைட்டும் போட வேண்டாம். கேளுங்கள்.

பின் சீட்டில் ஒரு படம். கண்ணாடிச் சட்டம், பிளாஸ்டிக் மாலை. கதிரையில் உட்கார்ந்திருக்கும் கலாராணி.

உங்களுக்கு அவளைத் தெரியாது. எப்படித் தெரியும்? பதினாலு வருடம் டிவி நாடகம், இரண்டு சினிமா. தேத்தண்ணீர் கொண்டுவருவாள், செத்த வீட்டில் அழுவாள், போய்விடுவாள். கடைசியில் பெயர்கள் ஓடும்போது அவள் பெயர் இருக்காது. பிறகு அந்தக் கம்பனிப் பாவிகள் இன்னும் லேசான வழி கண்டுபிடித்தார்கள். அவள் வீட்டுச் சுவரில் இருந்த படத்தை இரண்டு நாளைக்கென்று இரவல் வாங்கி, மாலை போட்டு, கதாநாயகனின் செத்துப்போன அம்மா என்று மாட்டினார்கள். உயிரோடு இருந்தவளுக்கு! படத்தை மாட்டினால் ஆளுக்குச் சோறு போட வேண்டாம் பாருங்கள். நாடகத்துக்கு நாடகம் அதே படம். வீட்டுக்குத் திரும்பி வரவே இல்லை.

போன மாதம் அவள் உண்மையிலேயே செத்தாள். கம்பனியிலிருந்து ஒருத்தனும் எட்டிப் பார்க்கவில்லை. பதினைந்தாம் நாள் மகள் லோஜினி, படப்பிடிப்பு நடந்த பங்களாவுக்கே வந்தாள்.

“நாளைக்குக் கருமாதி சார். வச்சுக் கும்பிட அம்மா படம் அது ஒன்னுதான் இருக்கு. குடுத்துருங்க சார்.”

“இன்னும் ரெண்டு சீன் இருக்கும்மா,” என்றார் டைரக்டர். “ரிஸ்மி, கேட்டைச் சாத்து.”

சாத்தினான். அவள் கம்பியைப் பிடித்துக்கொண்டு அழ அழ, சும்மா நின்றான். எனக்கு அந்த டைரக்டரை விட இவன் மேல்தான் ஆத்திரம்.

அன்றிரவு, மிச்ச சீனுக்காகப் படத்தைக் கண்டிக்குக் கொண்டுபோகும்போதுதான் அந்த வீதி. முதலில் வாசம்... ஈர மல்லிகை. மாலையோ பிளாஸ்டிக். பிறகு படத்தின் கண்ணாடியில் நகம் தட்டும் சத்தம். டொக்... டொக்... லோஜினி இருக்கும் தேயிலைத் தோட்டத்துக்குப் பிரியும் சந்தியில் வேன் தானாக நின்றது. பின்கதவு கிர்ர்ரென்று திறந்தது. செருப்புச் சத்தம் மேட்டில் ஏறிப் போனது. சரக்... சரக்...

டோர்ச் அடித்துப் பார்த்தான். சட்டத்துக்குள் வெறும் கதிரை.

வேன் கிளம்பவில்லை. விடியும்வரை ஓதிக்கொண்டே கிடந்தான். வெளுத்ததும் சட்டத்தைத் தூக்கிக்கொண்டு லோஜினியின் லயத்து வீட்டுக்கு ஏறினான்.

“மாப் பண்ணுங்க தங்கச்சி,” என்று நீட்டினான்.

லோஜினி அதைத் தொடவே இல்லை.

“அம்மா ராத்திரியே வந்துட்டாங்கண்ணே. கேட்ட சாத்துனவரு காலையில வருவாரு, படத்த அவருகிட்டயே குடுத்துரு, அதுல எடம் காலியாத்தான் இருக்குன்னாங்க.”

ரிஸ்மி குனிந்து பார்த்தான். கதிரையில் யாரோ உட்கார்ந்திருந்தார்கள். முகம் இருக்க வேண்டிய இடத்தில் புகை... சட்டை மட்டும் தெளிவு. அவன் உடம்பில் இருந்த அதே நீலக் கட்டம் போட்ட சட்டை.

இப்போது அது அவன் அலுமாரிக்குள் இருக்கிறது, துணி சுற்றி. எரித்தும் பார்த்தார்கள், எரியவில்லை. நேற்று அரூஸ் போய் அவிழ்த்துப் பார்த்திருக்கிறான்.

மீசை வந்துவிட்டதாம்.