வாங்கினதை மறுபடி இறக்கிக்கலாம்

— அப்போ இந்த கேம் மெஷினோட ஆன்லைன் கடையை மூடிட்டாங்க, ஆனா ஏற்கனவே வாங்கினவங்களை மட்டும் உள்ள விடுவாங்க. அப்படித்தானேங்க?

— அப்படித்தான். புதுசா ஒரு கேமும் வாங்க முடியாது. வாங்கினதை மறுபடி இறக்கிக்கலாம். அதையும் ஒரு நாள் நிறுத்திடுவாங்களாம், எப்பன்னு சொல்லல. அந்த வயரை இழுக்காதீங்க சித்தார்த்தன், டிவி கீழ வந்துடும்.

— தப்பா எடுத்துக்காதீங்க இளவேனில், என்னால நம்பவே முடியல. இந்த மெஷின் வெளிய வந்தே ஒரு வருஷம்கூட ஆகலைன்னுதான் என் நினைப்பு. ஹாஸ்டல்ல தைரியராஜ் லேப்டாப்புல இதோட விளம்பரத்தைப் போட்டுப் போட்டுப் பார்ப்போம். வேலைக்குப் போனதும் முதல்ல இதைத்தான் வாங்குவேன்னு சொல்லிட்டிருந்தேன்.

— வாங்கினீங்க. அதே தைரியராஜ்தான் சிங்கப்பூர்ல இருந்து மடியில வச்சுக்கிட்டு வந்து இறக்கினார். அதுக்கப்புறம் கம்பெனிக்காரங்க இதைத் தயாரிக்கறதையே விட்டுட்டாங்க. அடுத்த மெஷின் வந்து, அதுக்கும் அடுத்தது வந்தாச்சு.

— ஆசைப்பட்ட பொருள், கைக்கு வந்ததே தெரியாம பழசாயிடுச்சு.

— ஐயோ சாமி, அதுக்கு ஏன் இப்படி முகத்தை வச்சுக்கறீங்க? இப்ப கைக்கு வந்திருக்கில்ல? ஆன் பண்ணுங்க.

— பெட்டி எடுக்கத்தாங்க பரண்ல ஏறினேன். துணிமூட்டைக்குப் பின்னாடி இது இருந்துச்சு. சாயங்காலம் ஊருக்குப் போறவன் எதுக்கு இதை இறக்கினேன்னு எனக்கே புரியல.

— உங்களை அம்மா வீட்டுக்குக் கூட்டிட்டுப் போக அழகிரி மாமா திருவெள்ளறையில இருந்து கிளம்பிட்டேன்னு சொன்னார். தூறல் வேற. மெதுவாத்தான் வருவார். வர்ற வரைக்கும் ஆடலாம், சரியா?

— சரிங்க. இது என்ன, ரெண்டு பொம்மை நின்னு கையாட்டுது?

— மீசை வச்சது நீங்க.

— எனக்கு மீசை இருந்துச்சா?

— இருந்துச்சு. நான்தான் எடுக்கச் சொன்னேன். பக்கத்துல ரெட்டைச் சடை போட்டுக்கிட்டு நிக்கிறது நான். நீங்க செஞ்ச பொம்மை. எனக்கு எந்தக் காலத்துலயும் ரெட்டைச் சடை கிடையாது, சொன்னா கேட்டாத்தானே.

— நல்லாத்தான் இருக்கு.

— அப்பவும் இதையேதான் சொன்னீங்க.

— மன்னிச்சுக்கோங்க, அதெல்லாம்…

— தெரியும், தெரியும். டாக்டர் சொன்னதை நானும் பக்கத்துல உட்கார்ந்துதானே கேட்டேன். கொள்ளிடம் பாலத்துல பைக் சறுக்கினதுல காலேஜ் முடிச்ச வரைக்குமான ஞாபகம் மட்டும்தான் மிஞ்சுச்சு. அதுக்கப்புறம் நடந்ததெல்லாம் பனி மூடிக் கிடக்கு. நம்ம கல்யாணமும் அந்தப் பக்கம்தான் நிக்குது. பனி விலகினாலும் விலகும், விலகாமயும் போகும். இப்ப அந்தப் பை மாதிரி படம் இருக்கு பாருங்க, அதைத் தட்டுங்க.

— "இந்தக் கடையில் இனிமேல் எதுவும் வாங்க இயலாது"ங்கற மாதிரி ஏதோ இங்கிலீஷ்ல வருது.

— வரட்டும். ஓகே கொடுத்து உள்ள போங்க. கீழ, ஓரமா ஒரு வழி இருக்கும். நீங்க வாங்கினதெல்லாம் அங்க கிடக்கும்.

— அடேயப்பா. எவ்வளவு! இத்தனையும் நானா வாங்கினேன்?

— வீட்டுல ஆம்பளை ஆள் வேற யாரு இருக்கா?

— ஒவ்வொண்ணு பக்கத்துலயும் ஆரஞ்சுக் கலர்ல ஒரு அம்பு.

— அதை அமுக்கினா இறங்கும். எல்லாம் இதுலதான் இருந்துச்சு. போன கோடையில இடி இடிச்சப்ப ஹார்ட் டிஸ்க் போயிடுச்சு. நாம ஆடி வச்சதும் அதோட போச்சு. கேம் மட்டும்தான் திரும்ப வரும். முதல்ல இருந்து ஆடணும்.

— எதை இறக்கட்டும்? இந்தக் கார் ரேஸ்?

— அது கல்யாணத்துக்கு முன்னாடி வாங்கினது. அதுக்கு நான் சாட்சி இல்ல.

— இது… மீன் பிடிக்கற கேமா?

— ஐயோ சாமி, அது லாக்டவுன்ல வாங்கினது. விடிஞ்சா பொழுது போனா தூண்டிலும் கையுமா உட்கார்ந்திருப்பீங்க. மீன் வாசனையே உங்களுக்கு ஆகாது, ஆனா பிடிக்கறதுக்கு மட்டும் அவ்வளவு ஆசை.

— லாக்டவுன்னா?

— அதை நான் உங்களுக்குச் சொல்லவே இல்லையா?

— இல்லீங்க.

— அப்போ விட்டுடுங்க. உலகத்துலயே அது ஞாபகம் இல்லாத ஒரே ஆள் நீங்கதான். நிம்மதியா இருங்க.

— சரிங்க. இது என்னது? குழந்தைங்க வரையறதுக்கு. யானைக்குக் கலர் அடிக்கறது… நமக்குக் குழந்தை இல்லைன்னுதானே சொன்னீங்க?

— இல்ல.

— அப்புறம் ஏன் இது?

— வர்றதா இருந்துச்சு. டாக்டர் உறுதியா சொன்ன அன்னைக்கே நீங்க வாங்கிட்டீங்க. அதுக்குக் கையில பென்சில் பிடிக்கற வயசு வர்றதுக்குள்ள கடையை மூடிட்டா என்ன பண்றதுன்னு. கடை நல்லாத்தான் இருந்துச்சு அப்ப. குழந்தைதான் வரல.

— இளவேனில்…

— ரெண்டு பேரும் சேர்ந்துதான் அழுதோம். ஒருத்தர் தூங்கினா இன்னொருத்தர் முழிச்சிருப்போம். இப்ப என்னன்னா, அது வர இருந்துச்சுங்கறதே எனக்கு மட்டும்தான் தெரியுது. அதான் சில நேரம்… சரி விடுங்க.





— இதைத் தாண்டிப் போயிடட்டுமா?

— வேண்டாம். அம்பை அமுக்குங்க. வாங்கினதுதானே, வரட்டும்.

— அமுக்கிட்டேன். இறங்குது… இறங்கிடுச்சு. சின்னதுதான் போல.

— ஆமா. ரொம்பச் சின்னது.

— அடுத்தது என்னங்க? இந்தக் கறுப்புப் படம், நடுவுல ஒரே ஒரு புள்ளி வெளிச்சம்?

— அதைத்தான் தேடிட்டிருந்தேன். அது ரெண்டு பேர் ஆடறது. விளக்குக் கேம்னு நாம பேர் வச்சோம். அதை இறக்குங்க.

— இது பெருசு போலிருக்கு. கோடு நகரவே மாட்டேங்குது.

— நகரும். காபி போடட்டுமா? உங்களுக்குச் சர்க்கரை ஒண்ணரை ஸ்பூன். இல்ல, அது அப்புறம் வந்த பழக்கம். காலேஜ்ல ரெண்டு, சரியா?

— ரெண்டு. எப்படிங்க எல்லாம் இப்படித் தெரிஞ்சு வச்சிருக்கீங்க?

— வேற என்ன வேலை எனக்கு? அந்த ஜன்னலைத் திறந்து விடுங்க, சாரல் உள்ள வராது. ஆத்துல தண்ணி ரெண்டு கரையும் தொட்டுட்டு ஓடுது, பார்த்தீங்களா?

— காலையில இருந்து அதைத்தான் பார்த்துட்டிருந்தேன். இந்த அபார்ட்மென்ட் இருக்கற இடத்துல எனக்குத் தெரிஞ்சு வாழைத்தோப்பு. கீழ போனா கடையெல்லாம் புதுசு. ஸ்ரீரங்கத்துல கோபுரம் மட்டும்தான் நான் விட்ட இடத்துலயே நிக்குது. கனவுல தெரிஞ்ச ஊருக்குள்ள போனா தெரு மாறியிருக்குமில்ல, அப்படி இருக்குங்க. ஆனா முழிக்கத் தோணல. அதுவும் ஏன்னு தெரியல.

— அப்படின்னா ஏன் போறீங்க?

— நீங்க போகாதேன்னு சொல்லலியே.

— சொல்ல மாட்டேன்.

— அதான் கஷ்டமா இருக்கு. தப்பா எடுத்துக்காதீங்க. நீங்க என்னை எவ்வளவு நல்லா பார்த்துக்கறீங்கன்னு எனக்குத் தெரியும். ஆனா யாரோ ஒருத்தர் வீட்டுல, அவர் சட்டையைப் போட்டுக்கிட்டு உட்கார்ந்திருக்கேன். அவர் வர்றதுக்குள்ள கிளம்பிடணும்னு மனசு அடிச்சுக்குது. எல்லாச் சட்டையும் எனக்கு அளவா வேற இருக்கு.

— அளவு எடுத்துத் தைக்கக் கொடுத்ததே நான்தான்.

— திருவெள்ளறையில என் ரூம்ல கண்ணை மூடிட்டே ஸ்விட்ச் போடுவேன். இங்க எழுந்தா எந்தப் பக்கம் சுவர்னே தெரியல. அம்மாவைப் பார்த்தா அம்மான்னு தெரியுது. உங்களைப் பார்த்தா…

— சொல்லுங்க.

— நல்லவங்கன்னு தெரியுது. அவ்வளவுதான் தெரியுது.

— அது போதும். அதுவே தெரியாமத்தான் நிறைய பேர் குடும்பம் நடத்தறாங்க. இந்தாங்க காபி. கோடு எங்க இருக்கு?

— பாதி தாண்டிடுச்சுங்க. இவ்வளவு தூரத்துல எங்கேயோ ஒரு கம்ப்யூட்டர்ல எனக்காக ஒருத்தர் இதை எடுத்து வச்சிருக்காங்க, இல்ல? நான் வாங்கினதை நான் மறந்துட்டேன். அது மறக்கல.

— மறக்காது. அதுவா மூடற வரைக்கும்.

— காபி நல்லா இருக்குங்க. ஆனா கொஞ்சம் தித்திப்பு ஜாஸ்தி.

— ரெண்டு ஸ்பூன்னு நீங்கதான் சொன்னீங்க.

— ஆமா. சொன்னேன்.

— வந்துடுச்சு பாருங்க. இந்தாங்க, இது உங்க கைக்கு. நீங்க விளக்கு. எனக்குக் குடை.

— எப்படி ஆடறதுன்னு சொல்லுங்க.

— விளக்கு போற இடம் மட்டும்தான் கண்ணுக்குத் தெரியும். குடையை விரிச்சு நான் மேகத்துல இருந்து மேகத்துக்குத் தாண்டணும். நான் அந்தப் பக்கம் போய் கயிறு போட்டாத்தான் நீங்க வர முடியும். விழுந்தா அடியெல்லாம் படாது. பஞ்சு மாதிரி மெதுவா கீழ இறங்கி, கொஞ்ச நேரத்துல மறுபடி மேல வந்துடுவோம்.

— பாட்டு இல்லையா?

— காத்துச் சத்தம் மட்டும்தான். கேட்குதா?

— கேட்குது. வெளிய ஆத்துச் சத்தமா, இதுவான்னே தெரியல.

— போங்க, முன்னாடி போங்க. இடது பக்கம் ஒரு படி… அட, போயிட்டீங்களே. அங்க படி இருக்குன்னு எப்படித் தெரிஞ்சுது?

— தெரியலீங்க. விரல் போயிடுச்சு.

— சரி, சரி, யோசிக்காதீங்க. யோசிச்சா நின்னுடும். ஆடுங்க.

— உங்க குடை சிவப்பா?

— நீங்க கிட்ட வந்தா சிவப்பு. தள்ளிப் போயிட்டா கறுப்பு.

— அப்போ கிட்டயே நிக்கறேன்.

— காலிங் பெல் அடிக்குது. மாமாதான். கதவு சும்மாத்தான் சாத்தியிருக்கு. உள்ள வாங்க மாமா!

— என்னம்மா இது, ஊருக்குக் கிளம்பி நிப்பீங்கன்னு பார்த்தா புருசனும் பொண்டாட்டியும் பொம்மை விளையாடுறீங்க?

— அழகிரிண்ணே, உட்காருங்க. இந்த ஒரு ஆட்டம் முடிச்சுட்டு வந்துடறேன்.

— அட, ஆடுப்பா. நான் என்ன ரயிலையா பிடிக்கப் போறேன்? அம்மா அவரைக்கா பறிச்சு வச்சுக்கிட்டு வாசலைப் பார்த்துக்கிட்டு இருக்கு, அவ்வளவுதான். பை இது ஒண்ணுதானாம்மா?

— ஒண்ணுதான் மாமா. மாத்திரையெல்லாம் பையோட முன் அறையில வச்சிருக்கேன். ராத்திரி மாத்திரைக்கு அப்புறம் தனியா மாடிப்படி ஏற விடாதீங்க.

— நான் பார்த்துக்கறேன். நீ கலங்காத.

— இளவேனில், இங்க பாருங்க, இருட்டு அதிகமாயிடுச்சு. பெரிய பள்ளம் வருது.

— பார்த்துட்டேன். விளக்கை மேல காட்டுங்க.

— காட்டறேன். குடையை விரிங்க. தாண்டாதீங்க, அந்த மேகம் கிட்ட வரட்டும். வருது… வருது… கொஞ்சம் இருங்க… இப்ப! தாண்டு! ஏய், குதிடி! குதின்னா குதிக்க மாட்டியாடி லூசு, எப்பப் பாரு இந்த இடத்துல வந்துதான் யோசிச்சுக்கிட்டு நிப்ப! போச்சு. அச்சச்சோ, விழுந்துட்டீங்களே.

— தம்பி.

— என்னண்ணே?

— இப்ப என்ன சொன்ன நீ?

— விழுந்துட்டாங்கன்னு சொன்னேன்.

— அதுக்கு முன்னாடி.

— குதிக்கச் சொன்னேன். ஏண்ணே? ஏதாவது தப்பா சொல்லிட்டேனா? இளவேனில், ஏங்க அழறீங்க? நிஜமாவே எனக்குத் தெரியலீங்க, என்ன சொன்னேன்?

— மாமா, எதுவும் சொல்லிடாதீங்க. தயவு செஞ்சு.

— நான் எங்கம்மா சொன்னேன்? நான் வாயே திறக்கல. கீழ போய் வண்டியை நிழலா ஓரங்கட்டிட்டு வர்றேன்.

— அண்ணே, மழையில ஏது நிழல்? இளவேனில், என்னன்னு சொல்லுங்களேன்.

— ஒண்ணுமில்ல சித்து. நீ விளக்கைப் பிடி. நான் இன்னொரு தடவை விழறேன்.