கால் வலிக்குதா, ராயபுரம்?

"ஹலோ... ஒவைஸு, ஆன்றோ பேசறேன்... ம்... ம்... துன்னேன், துன்னேன். அத வுடு. நேத்து காத்திவாக்கம் கல்யாணத்துல நீதான டிஜே?... ஆமா, வீடியோ பாத்தேன். அதுக்குத்தான் போன் பண்ணேன்."

ஆன்றோ போனை மறு காதுக்கு மாற்றினான். இசைத்தட்டு சுழற்றும் அவனுடைய இரண்டு டர்ன்டேபிள்களும் கட்டிலுக்கு அடியில், போர்வைக்குள் கிடந்தன.

"லேப்டாப்புல பட்டன அமுக்குற. பாட்டும் பாட்டும் தானா சேந்துக்குது. நீ ரெண்டு கையயும் தூக்கிகினு குதிக்கற. உனுக்கு அங்க இன்னா வேல, வாட்ச்மேனா?... சிரிக்காத... சண்ட போட கூப்புடல மாமு... சரி, சண்டதான்."

கீழே துறைமுகத்து லாரி ஒன்று ஹாரன் அடித்துக்கொண்டே போனது. அது அடங்கியதும் தொடர்ந்தான்.

"நடுவுல ஒரு பொம்பள கொரலு வருதே, 'கால் வலிக்குதா ராயபுரம்'னு. அது யாரு?... இன்னாது, சாம்பிளா? பாட்டு நடுவுல ஒட்டுற துண்டா? அவ பேரு ரெஜினா. என் பொண்டாட்டி. அவ சவப்பெட்டிய தோள்ல தூக்குனவன் நீ... எப்ப ரெக்கார்டு புட்ச்ச?... ஓ. மிக்சர்லேந்து வயர் இழுத்து, எனுக்குத் தெரியாம..."

தட்டும் ஊசியுமாக அவன் ஜனத்தை ஆடவைத்த நாட்களில் யாரையும் பதிவு செய்ய விட்டதில்லை. அன்றைய ஆட்டம் அன்றோடு சரி என்பான். பக்கத்தில் மைக்கோடு நின்றவள் ரெஜினா. அவள் மேடையில் பேசிய ஒரு சொல்கூட அவனிடம் இல்லை.

"காத்திவாக்கத்துல நின்னுகினு ராயபுரம்னு கத்துது. அவ என்னிக்காவது ஊர் பேர மாத்திச் சொல்லி கீறாளா? மூணு தபா அமுக்குன. மூணும் ஒரே மாதிரி. அவ ஜனத்து மூஞ்சியப் பாத்துதான் வாயத் தொறப்பா... இன்னாது? ஜனத்துக்கு நல்லா குஷி ஏறுதா? ஏறட்டும். நீ அத அழி... மணலி புதுநகர் ஷோ முடியட்டுமா? ஏன், அங்கயும் ராயபுரம்னு கத்தணுமா? இப்பவே அழி."

பிறகு குரல் தணிந்தது.

"இரு, இரு. ஒண்ணு சொல்லு. கால் வலிக்குதான்னு கேட்டுட்டு நிப்பா. ஜனம் 'இல்ல'ன்னு கத்தும். அப்பதான் சிரிப்பா. அந்தச் சிரிப்பு எங்க?... பீட்டுல உக்காரலயா... வெட்டிட்டியா. சரி, வெட்டாதது எங்க?... பழைய போன்லயா? அந்தப் போனு?... வித்துட்ட."

ஆன்றோ கட்டில் விளிம்பில் உட்கார்ந்தான்.

"ம்... ம்... கேக்குது, சொல்லு... வேணாம். போன்ல போட்டுக் காட்டாத. ஒவைஸு, வேணாம்டா..."

ஒவைஸ் பொத்தானை அழுத்திவிட்டான். ரெஜினா கேட்டாள். அவளுக்கே உரிய அந்தக் கரகரப்பு, கேள்வியின் முடிவில் லேசாக ஏறும் அந்தத் தொனி.

ஆன்றோ போனைக் காதோடு அழுத்திக்கொண்டான்.

"இல்ல," என்றான்.

காத்திருந்தான். மறுமுனையில் மின்விசிறிச் சத்தம் மட்டும் வந்தது.

"...ம். லைன்லதான் கீறேன். அழிச்சுடு."

அவனே போனை வைத்தான்.